ஸக்கியா ராத்தாவின் வீட்டு விலை

மடவளையில் யாரிடமாவது போய், "ஸக்கியா என்று ஒருத்தி இருந்தாளே, யார் அது?" என்று கேட்டுப் பாருங்கள். "தன் வழக்கைத் தானே கெடுத்தவள்" என்பார்கள். சொல்லிவிட்டுச் சிரிப்பார்கள். தவளை தன் வாயால் கெட்டது என்று பழமொழியையும் சேர்த்துவிடுவார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒரு மனுசி இத்தனை வருடம் உயிரோடு இருந்ததில், ஒரு காலைப்பொழுது கண்டிக் கோட்டில் சாட்சிக் கூண்டேறி நின்றதுதானா இவர்களுக்கு ஞாபகம்? அதையாவது சரியாகத் தெரிந்துகொண்டு பேசினால் தேவலை. அன்றைக்கு அந்தக் கோட்டில் மடவளைப் பெண்களில் ராத்தாவைத் தவிர இருந்தது நான் ஒருத்திதான். கத்தியதற்காக என்னைப் பியோன் வெளியே தள்ளினான். ஆகவே நான் சொல்கிறேன். என் பெயர் சித்தி றலியா. வாய் நீளம் என்று ஊரில் எனக்கு ஏற்கனவே பெயர் இருக்கிறது, இன்னும் ஒரு முழம் நீண்டால் என்ன குறைந்துவிடப்போகிறது.

நான் பளீலைக் கலியாணம் முடித்து மடவளைக்கு வந்தபோது, செவ்வரத்தை வேலிக்கு அந்தப் பக்கம் ஸக்கியா ராத்தாவும் அவர் மனுசன் நளீர் நானாவும் இருந்தார்கள். நானா ஊர் ஊராகப் பாக்கும் மிளகும் வாங்கிக் கட்டுகஸ்தோட்டையில் விற்கிறவர். அந்த வியாபாரத்தில் கட்டிய வீடு அது. கருங்கல் அத்திவாரம், ஓட்டுக் கூரை, கோடையிலும் வற்றாத கிணறு, வளவில் கிளை முறியக் காய்க்கிற இரண்டு பலா மரம். ராத்தா கம்பளையில் பிறந்தவர். வாப்பா உம்மா மௌத்தாகிவிட்டதால் அங்கேயும் அவருக்கு ஆளில்லை, இங்கேயும் வேறு சொந்தமில்லை.

வந்த புதிதில் ஒருநாள் வேலியடியில் நின்று, "என்ன வடிவான ஊடு ராத்தா!" என்றேன். முகத்தில் அறைந்துவிட்டதுபோலப் பார்த்தார்.

"வடிவா? மழ வந்தா ஊட்டுக்குள்ள கொட புடிக்கணும். பாத்தா தெரியல்லயா?"

பார்த்தேன். ஓடு ஒன்றும் விலகவில்லை. சரி, மரத்தையாவது புகழ்வோமென்று, "பலாக்காய் இந்த வருசம் நல்லா ஈக்கிது" என்றேன்.

"பூச்சி. வெட்டிப் பாத்தா அவ்வளவும் பூச்சி."

அன்று மத்தியானம் அந்தப் பூச்சிக்காயில் ஒரு கறி ஆக்கி அனுப்பினார். என் ஆயுளில் அப்படியொரு பலாக்காய்க் கறி சாப்பிட்டதில்லை. தட்டைத் திருப்பிக் கொடுக்கும்போது அதைச் சொன்னேன். "உப்பு கூடிப் பெய்த்து" என்று தட்டை வாங்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

என்ன பெண்பிள்ளை இது, அல்லாஹ் கொடுத்ததற்கு ஒரு நன்றி வேண்டாமா என்று நான் என் மனுசனிடம் கத்தினேன். அவர்தான் கதையைச் சொன்னார். ராத்தாவுக்கு இரண்டு பிள்ளைகள் பிறந்தன. மூத்தவன் கொழுகொழுவென்று இருப்பானாம். கட்டுகஸ்தோட்டையில் ஒரு கலியாண வீட்டில் யாரோ ஒருத்தி அவனைத் தூக்கி, இப்படியொரு பிள்ளையை நான் கண்டதேயில்லை என்று எல்லாருக்கும் காட்டிக் கொஞ்சியிருக்கிறாள். அந்தக் கிழமையே காய்ச்சல். பிள்ளை போய்விட்டது. இரண்டாவது பெண். அதன் தலைமுடியைப் புகழ்ந்தார்களாம். அதுவும் நிற்கவில்லை. காய்ச்சலில் போன பிள்ளையைக் கண்ணூறில் போனதாகச் சொல்லலாமா என்று என்னிடம் வழக்குப் பேச வராதீர்கள். கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது என்று எல்லாரும்தான் சொல்கிறோம். நாங்கள் சொல்லிவிட்டு மறந்துபோகிறோம். ராத்தா இரண்டு பிள்ளைகளைக் கொடுத்துவிட்டு அதைப் பிடித்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு தன்னுடையது எதையும் அவர் நல்லதென்று சொன்னதில்லை, மற்றவர்களைச் சொல்ல விட்டதுமில்லை. கறக்கிற மாடு "வத்தல் மாடு". மூட்டையை ஒற்றைக் கையால் தூக்குகிற நளீர் நானா "சீக்காளி மனுசன்". நானாவின் தம்பி ஜவாஹிர், உம்மா இல்லாத பிள்ளையாக எட்டு வயதில் இந்த வீட்டுக்கு வந்தவன். அவனைக் குளிப்பாட்டி, ஓத அனுப்பி, மீசை முளைக்கும்வரை சோறு போட்டவர் ராத்தா. அவனை அவர் கூப்பிட்டதெல்லாம் "நோஞ்சான்", "கறுவல்", "ஒண்டுக்கும் ஒதவாதவன்". அவனுக்கு அதில் ஒரு குறையும் இல்லை. நான்காவது தட்டுச் சோற்றுக்கு உட்கார்ந்துகொண்டு, "மதினி என்னைய ஏசுற வரைக்கும் எனக்கு ஒண்டும் வராது" என்று சிரிப்பான். அந்த வீட்டில் ஏச்சுத்தான் கொஞ்சல்.

நளீர் நானா நல்ல பகிடிக்காரர். "றலியா, ஒங்கட ராத்தா என்னைய நல்லம்னு செல்ற அண்டைக்கு நான் மௌத்துன்னு எழுதிக்கங்க" என்பார். அவர் பகிடியாகச் சொன்னது அப்படியே நடந்தது. நெஞ்சுச்சளியில் விழுந்து மூன்றாம் கிழமை, நான் கஞ்சி கொண்டுபோனபோது அவர் ராத்தாவின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார். "இப்பவாச்சும் ஒரு தரம் செல்லேன். நான் ஒனக்கு நல்லா ஈந்தனா?" என்று கேட்டார். ராத்தா போர்வையை அவர் கழுத்துவரை இழுத்துவிட்டார். "அப்படி ஒண்டும் பெரிசா இல்ல" என்றார். அவர் பிழைத்துவிடுவார் என்று அந்த மனுசிக்கு இன்னமும் நம்பிக்கை. அன்று அஸர் தொழுகைக்குப் பிறகு நானா போய்விட்டார். மையித்தைக் குளிப்பாட்டிக் கபனிட்டு ஆண்கள் தூக்கிக்கொண்டு படி இறங்கியதும், ராத்தா என் தோளைப் பிடித்துக்கொண்டு காதுக்குள் சொன்னார்: "நல்ல மனுசன் றலியா. அல்லாஹ்வுக்காகச் செல்றன், மிச்சம் நல்ல மனுசன்." நான் அழுத அழுகை எனக்குத்தான் தெரியும்.

விதவை வீட்டோடு இருக்கவேண்டிய நாலு மாதம் பத்து நாள் இத்தா முடியும்வரை வீட்டில் ஆள் இருந்தது. பெண்கள் சோறு கொண்டுவருவார்கள், யாசீன் ஓதுவார்கள், படுத்தும் கிடப்பார்கள். இத்தா முடிந்தது. ஆளும் முடிந்தது. அவரவருக்குக் குடும்பம், பிள்ளை, கடை. அந்தப் பெரிய வீட்டில் ராத்தா ஒருத்தி. வாய்விட்டு ஏசுவதற்குக்கூட ஒருவர் மிச்சமில்லை. மாட்டையும் விற்றாகிவிட்டது.

பிறகு தட்டு வர ஆரம்பித்தது. ஒவ்வொரு நாளும் ஏதாவது ஆக்கி எங்கள் வீட்டுக்கு அனுப்புவார். ஒருநாள் கொழுக்கட்டை, ஒருநாள் பலாக்கொட்டை, ஒன்றுமில்லாவிட்டால் நாலு பப்பாளித் துண்டு. எங்கள் பக்கத்தில் வந்த தட்டை வெறுந்தட்டாகத் திருப்புகிற வழக்கம் இல்லை. எதையாவது போட்டுக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். கொண்டுபோனால் இருந்து இரண்டு பேச்சுப் பேசவேண்டும். எனக்கு முதலில் சலிப்பாக இருந்தது. இந்த மனுசிக்கு என்ன, ஒற்றை வயிற்றுக்கு இவ்வளவு சமையல் என்று முணுமுணுத்தேன். ஒருநாள் பின்னேரம் தட்டோடு போனபோது, ராத்தா முன்வாசலில் கதிரையைப் போட்டு எங்கள் வேலியைப் பார்த்துக்கொண்டே இருந்தார். என்னைக் கண்டதும் சட்டென்று எழுந்து, ஏதோ வேலையாக இருந்தவர்போல விளக்குமாற்றை எடுத்தார். தட்டு போனால் தட்டு திரும்பி வரும், கூடவே ஒரு ஆளும் வரும். அதற்காகத்தான் அவ்வளவு சமையலும்.

அப்படிப்பட்ட வீட்டின் மேல்தான் ஜவாஹிர் வழக்கு வைத்தான்.

முப்பத்தோராம் ஆண்டு அது. தேயிலை விலை விழுந்து, ஹேவாஹெட்டப் பக்கத் தோட்டங்களில் சனத்தின் கையில் காசில்லாமல் போன காலம். அவர்களை நம்பிக் கட்டுகஸ்தோட்டையில் புடவைக்கடை வைத்திருந்த ஜவாஹிர் முறிந்துபோனான். கடை வீட்டுக்கும் வாடகை கொடுக்க வழியில்லை. பெண்சாதி ரபீகாவையும் கைப்பிள்ளையையும் கூட்டிக்கொண்டு எங்கே போவது? நானாவின் வீடு கண்ணில் பட்டது. மதினி, ஒரு மூலையில் எங்களுக்கும் இடம் தாருங்கள் என்று வந்து கேட்டிருந்தால், ராத்தா ஏசிக்கொண்டே முன்னறையைக் கூட்டிக் கொடுத்திருப்பார். கேட்கவில்லை. கடன்காரனுக்குக் காட்டுவதற்கு அவனுக்குத் தன் பெயரில் சொத்து வேண்டியிருந்தது. கோட்டாள் ஒருவன் கடுதாசியோடு வந்து நின்றபோதுதான் ராத்தாவுக்கே தெரியும்.

"இந்த ஊடு ஒனக்குத்தான்" என்று நளீர் நானா எத்தனையோ தரம் சொன்னது எனக்கும் தெரியும், என் மனுசனுக்கும் தெரியும். சொன்னாரே தவிர, நொத்தாரிசிடம் போய் உறுதிப் பத்திரம் எழுதவில்லை. நாளைக்கு, நாளைக்கு என்று இருந்துவிட்டார். நல்ல மனுசன்தான். ஆனால் இந்த ஆண்பிள்ளைகளின் நாளைக்கு இருக்கிறதே!

நானும் ராத்தாவும் பஸ் ஏறிக் கண்டிக்குப் போய், ராஜலிங்கம் என்ற, கோட்டில் வழக்குப் பேசுகிற யாழ்ப்பாணத்துப் பிரக்கிராசியைப் பார்த்தோம். கோட்டுக்குப் பக்கத்தில் அவர் கந்தோர். மெலிந்த மனுசர். கடுதாசிகளை ஒன்றுக்கு இரண்டு தரம் பார்த்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"அம்மா, உள்ளதைச் சொல்லுறன். வாயால குடுத்தது கோட்டில நிக்காது. பிள்ளை இல்லாத மனுசிக்கு உங்கட சட்டப்படி நாலில ஒரு பங்குதான். மிச்சம் தம்பிக்குத்தான் போகும்."

ராத்தா கடுதாசிகளைப் பொறுக்கிக்கொண்டு எழப்போனார். நான்தான், "அப்ப நாங்க எதுக்கு இங்க வந்த?" என்று பாய்ந்தேன்.

"பொறுங்கோ. ஒரு வழி இருக்குது. அவர் இந்த வழக்கைச் சின்னக் கோட்டில வைச்சிருக்கிறார். முந்நூறு ரூபாய்க்கு மேற்பட்ட காணி வழக்கை அந்தக் கோடு விசாரிக்கேலாது. அதால வீடு வளவு எல்லாம் சேர்த்து முந்நூறுக்கு உள்ளதான் பெறும் எண்டு எழுதியிருக்கிறார்."

"முந்நூறா? ராத்தாட கிணத்துக்கட்டுக்கே அதுக்கு மேல பெய்த்து!" என்றேன்.

"ஓம். வேணுமெண்டுதான் குறைச்சவர். பெறுமதி ஏற ஏற முத்திரைச் செலவும் ஏறும். உள்ள விலையைப் போட்டால் பெரிய கோட்டுக்குப் போகவேணும். முத்திரைக்கே அவர் கடன்பட வேணும். முறிஞ்ச மனுசனுக்கு ஆர் கடன் குடுப்பினம்? நாங்கள் அந்தப் பெறுமதியை மறுப்பம். எங்கட மறுப்பு நிண்டால் வழக்கு இங்கையே விழும். திரும்பி வைக்க அவரால ஏலாது. நீங்கள் கண்ணை மூடுமட்டும் அந்த வீட்டில இருக்கலாம்."

"கண்ண மூடுற வரைக்கும்" என்று ராத்தா மெல்லச் சொல்லிப் பார்த்துக்கொண்டார். அதற்கு மேல் அவருக்கு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை. அந்த வீட்டிலிருந்தே மையித்தாகப் போகவேண்டும், நளீர் நானா இறங்கிய படியால் இறங்கவேண்டும், அவ்வளவுதான்.

விலை மதிப்பதற்குக் கோட்டின் மூலம் ஆள் அனுப்பலாம், அதற்கு முதலே பணம் கட்டவேண்டும் என்றார் பிரக்கிராசி. ராத்தாவிடம் இருந்த காப்பு அவருடைய கூலிக்கே போய்விட்டிருந்தது. ஊர்த் தலைவரான ஆராச்சியையும் ராத்தாவையும் கூண்டில் ஏற்றலாம், வீட்டுக்காரி வாயால் வருகிற விலைக்கு மதிப்பு உண்டு என்று முடிவாயிற்று. "ஆயிரத்தைஞ்ஞூறு பெறும் எண்டு சொல்லுங்கோ. பொய்யில்லைத்தானே?" என்று அவர் கேட்டார். பொய்யில்லை. ராத்தா தலையாட்டினார்.

அடுத்த இரண்டு கிழமையும் எங்கள் குசினியில் கோடு கூடியது. நான் தேங்காய்த் திருவலகையில் நீதவான் மாதிரிக் குந்திக்கொண்டு, "செல்லுங்க, ஒங்கட ஊடு என்ன பெறும்?" என்று கேட்பேன். ராத்தா கதவைச் சாத்திவிட்டு வந்து, "ஆயிரத்தஞ்சூறு" என்பார். சொன்ன கையோடு தூ தூ என்று மூன்று தரம் துப்பிவிட்டு, உப்பும் செத்தல் மிளகாயும் அள்ளிக்கொண்டு தன் வீட்டைச் சுற்றிப்போட ஓடுவார். எங்கள் வளவு முழுக்க மிளகாய்க் கமறல். என் மனுசன் இருமிக்கொண்டே, "வழக்கு முடியிறத்துக்குள்ள நம்மட கடையில மொளகா முடிஞ்சிரும்" என்றார். நாங்கள் சிரித்தோம். ராத்தாவும் சிரித்தார். நானா போன பிறகு அவர் சிரித்ததை நான் கண்டது அந்த இரண்டு கிழமைதான்.

வழக்கு நாள் வந்தது. கோட்டில் மடவளை ஆண்கள் பாதிப்பேர் இருந்தார்கள். வேறு வேலை என்ன அவர்களுக்கு! ஜவாஹிர் வெள்ளைத் தொப்பியோடு முன்வாங்கில் இருந்தான். எங்களைக் கண்டு எழுந்தான், மறுபடியும் உட்கார்ந்தான். முதலில் ஆராச்சியைக் கூப்பிட்டார்கள். அந்த மனுசர் ஆயிரம் பெறலாம் என்றார், இந்தக் காலத்தில் யார் வாங்கப்போகிறார்கள், முந்நூறும் ஆகலாம் என்றார். இரண்டு பக்கமும் வெற்றிலை வாங்கித் தின்றவர் வேறு எப்படிப் பேசுவார்? நீதவான் பேனாவால் மேசையைத் தட்டிவிட்டு, வீட்டுக்காரியைக் கூப்பிடுங்கள் என்றார்.

ராத்தா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு ஏறினார். ராஜலிங்கம் கேட்டார். "ஆயிரத்தஞ்சூறு" என்று ராத்தா சொன்னார். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தாலும் வந்துவிட்டது. நான் வாங்கில் இருந்தபடியே அல்ஹம்துலில்லாஹ் என்றேன். பிரக்கிராசி என் பக்கம் திரும்பிக் கண்ணால் சிரித்தார். வென்றுவிட்டோம் என்றுதான் நினைத்தேன்.

அப்போது ஜவாஹிர் எழுந்து தன்னுடைய பிரக்கிராசியின் காதில் ஏதோ சொன்னான். அந்தக் கறுப்புக் கோட்டுக்காரர் புருவத்தை உயர்த்தினார். பிறகு ராத்தாவைப் பார்த்து அன்பாகச் சிரித்தார். அவர் இங்கிலீசில் கேட்கக் கேட்க, மொழிபெயர்க்கிற கோட்டு முதலியார் தமிழில் சொன்னார்.

"அம்மா, உங்கள் வீடு மடவளையிலேயே மிக நல்ல வீடு என்கிறார்கள். அப்படியா?"

எனக்குப் புரியவில்லை. இவர் வீட்டைப் பழிக்கவேண்டியவர் அல்லவா, எதற்குப் புகழ்கிறார் என்று பார்த்தேன். ராத்தாவின் கை கூண்டுக் கம்பியைப் பிடித்தது.

"யாரு சென்ன? அப்படி ஒண்டுமில்ல."

"கூரை ஓடுகள் எல்லாம் புதிது போலவே இருக்கின்றனவாமே?"

"ஒடஞ்ச ஓடு. ஒழுகுது."

"பலா மரங்கள் கிளை முறியக் காய்க்கின்றனவாம். இப்படி மரம் கண்டி முழுவதும் கிடையாதாம்."

"பூச்சி" என்றார் ராத்தா. "எல்லாம் பூச்சிக்காய்."

"கிணற்றுத் தண்ணீர் கற்கண்டுபோல இருக்குமாம்."

"சேத்துத் தண்ணி. குடிக்க ஏலா."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. பாவி, பாவி! எட்டு வயதிலிருந்து அவர் கையால் சோறு தின்றவனுக்குத்தானே தெரியும், இந்த மனுசியின் வாயை எந்தச் சாவி போட்டுத் திறக்கலாம் என்று. "ராத்தா, செல்லாதீங்க! அவன் ஒங்கள ஏமாத்துறான்!" என்று எழுந்து கத்தினேன். பியோன் வந்து என் கையைப் பிடித்தான். அவனையும் இரண்டு ஏச்சு ஏசினேன். வாசல்வரை இழுத்துக்கொண்டு போனான். போகும்போது கடைசிக் கேள்வி காதில் விழுந்தது.

"அப்படியானால் இந்த வீட்டை ஆயிரத்தைந்நூறு கொடுத்து யார் வாங்குவார்?"

"ஒத்தரும் வாங்க மாட்டாங்க. அது ஒண்டுக்கும் பெறாத ஊடு."

வெளியே யன்னல் கம்பியில் முகத்தை வைத்து மீதியைப் பார்த்தேன். ராஜலிங்கம் எழுந்து, "அம்மா, முதல் ஒரு விலை சொன்னீங்கள். இப்ப ஏன் இப்பிடிச் சொல்லுறீங்கள்? ஆருக்கும் பயமோ?" என்று கெஞ்சாக் குறையாகக் கேட்டார். ராத்தா வாயைத் திறந்தார். வாங்குகளைப் பார்த்தார். அத்தனை ஆண்களும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். முக்காட்டுக்குள் தலையைக் குனிந்துகொண்டார். நீதவான் எழுதத் தொடங்கினார். வழக்கு சின்னக் கோட்டிலேயே நிற்கலாம், வாதி போட்ட பெறுமதி சரி என்று தீர்ந்தது. அதற்குப் பிறகு உறுதி எங்கே என்று கேட்டார்கள். உறுதி எங்கே இருக்கிறது!

திரும்பி வரும் பஸ் கட்டுகஸ்தோட்டைப் பாலத்தில் ஏறியது. அதற்கு மேல் என்னால் அடக்க முடியவில்லை. "ஊடு பெய்த்தே ராத்தா! என்த்துக்கு அப்படிச் சென்ன?" என்று எல்லாருக்கும் கேட்கக் கத்தினேன்.

"எத்தனை கண்ணு றலியா" என்றார். "அவ்வளவு பேரும் கேட்டுக்கிட்டு ஈந்தாங்க. ஊடு பெய்த்துன்னா என்னட்ட ஈந்துதான் போகும். கண்ணு பட்டா ஊடே இல்லாமப் பெய்த்திடும்." பிறகு முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, "அந்தக் கேள்வி எல்லாம் ஜவாஹிர் சென்னதுதானே?" என்று கேட்டார். நான் ஓம் என்று தலையாட்டினேன். "அவன் சின்னதுல நல்லா ஞாபகம் வச்சிக்குவான்" என்றார். அப்போதுதான் அவர் கண்ணிலிருந்து தண்ணீர் வந்தது.

நாலில் ஒரு பங்கு ராத்தாவுக்கு இருந்தது. அதை வைத்துக்கொண்டு ஒரு மூலையில் இருங்கள் என்று நான் சொன்னேன். அவர் கேட்கவில்லை. ஜவாஹிர் எங்கேயோ காசு புரட்டிக் கொண்டுவந்து அந்தப் பங்கையும் வாங்கிக்கொண்டான், அதுவும் ராத்தாவின் வாயால் கோட்டில் நின்றுபோன அந்த முந்நூறு ரூபாய்க் கணக்குக்கு. எங்கள் கடைக்கு வந்து, "மதினிட கொணம் எனக்குத் தெரியாதா?" என்று பெருமையாகச் சொன்னான். என் மனுசன் ஒரு நாளும் யாரையும் ஏசாதவர். அன்றைக்கு அவனுக்குச் சாமான் கொடுக்கவில்லை.

கட்டுகஸ்தோட்டையில் ஒரு கடைக்குப் பின்னால் வாடகை அறை பார்த்துக்கொண்டு ராத்தா புறப்பட்டார். எங்கள் வீட்டுக்கு வாருங்கள் என்று காலைப் பிடிக்காத குறையாகக் கேட்டேன். வேலிக்கு இந்தப் பக்கம் இருந்து அந்த வீட்டைப் பார்த்துக்கொண்டிருக்க முடியாது என்றார். ஒரு தகரப்பெட்டி, ஒரு பாய்ச்சுருள். வாசலில் ஜவாஹிர் நின்றான். ரபீகா இடுப்பில் பிள்ளையோடு நின்றாள். வேடிக்கை பார்க்க ஐந்தாறு பேர் கூடியிருந்தார்கள். படி இறங்கிய ராத்தா திரும்பி நின்று வீட்டை அண்ணாந்து பார்த்தார்.

"நல்ல ஊடு" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அவர் சத்தமாகத்தான் சொன்னார்.

"ஒரு ஓடு ஒடஞ்சதில்ல. எத்தனை மழை பேஞ்சும் ஒரு சொட்டு உள்ள விழுந்ததில்ல. இந்தப் பலாவப் போல மரம் கண்டி முழுக்கத் தேடினாலும் கெடைக்கா. கிணத்துத் தண்ணி கற்கண்டு. நான் இந்த ஊட்டுல மிச்சம் நல்லா ஈந்தன்."

ஜவாஹிருக்கு முகம் வெளுத்துவிட்டது. "மதினி, போதும். வாய மூடுங்க. சனம் கேக்குது."

"கோட்டுல கேட்டாங்களே தம்பி, அதுக்குத்தான் பதில் செல்றன். இப்ப செல்லலாம். இப்ப என்ட இல்லயே." அவனை உச்சியிலிருந்து கால்வரை பார்த்தார். "நீயும் கெட்டிக்காரன் ஜவாஹிர். ஒன்னப் போல நல்ல புள்ள எந்த ஊட்டுலயும் இல்ல."

எட்டு வயதிலிருந்து அவனை அவர் அப்படிச் சொன்னதேயில்லை. "அப்படிச் செல்லாதீங்க மதினி" என்று அவன் கையை நீட்டினான். "ஏசுங்க. நீங்க ஏசிட்டுப் போங்க." ராத்தா அதைக் கேட்காதவர்போல அவனைத் தாண்டி ரபீகாவிடம் போனார். ரபீகா பயந்துபோய்ப் பிள்ளையை முந்தானையால் மூடினாள். உருண்டு திரண்டு, பார்த்தால் தூக்கத் தோன்றுகிற ஆண்பிள்ளை. ராத்தா முந்தானையை விலக்கி அதன் கன்னத்தைத் தொட்டார்.

"இது என்ன புள்ள, கறுவல், நோஞ்சான். ஒண்டுக்கும் ஒதவாது" என்றார்.

ரபீகா ஓவென்று அழுதுவிட்டாள். நான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ராத்தாவைக் கூட்டிப்போய்ச் சந்தியில் பஸ் ஏற்றினேன்.